இதயத்துக்கு வாங்கித் தரும் அவகாசம்

தீவிர சிகிச்சைப் பிரிவில் கட்டிலின் தலைமாட்டுக் கம்பியில் ஒரு சின்னக் கருவி மாட்டியிருக்கும். 50 மில்லி சிரிஞ்ச் ஒன்றைப் படுக்கவைத்துப் பிடித்துக்கொண்டு, கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் அதன் பின்பக்கத்தைத் தள்ளிக்கொண்டே இருக்கும். சிரிஞ்ச் பம்ப் என்பார்கள். சிரிஞ்சின் மேல் ஒட்டிய வெள்ளைச் சீட்டில் நர்ஸ் பேனாவால் எழுதியிருப்பார்: டோபுடமின் 250 மில்லிகிராம், மொத்தம் 50 மில்லி. திரையில் 3.6 என்ற எண். ஒரு மணி நேரத்துக்கு 3.6 மில்லி, அதாவது முக்கால் டீஸ்பூன். 60 கிலோ எடையுள்ள ஒருவருக்கு, கிலோவுக்கு நிமிடத்துக்கு 5 மைக்ரோகிராம் என்ற கணக்கு அது. ஒரு மனிதரின் ரத்த ஓட்டம் அன்றைக்கு அந்த முக்கால் டீஸ்பூனை நம்பியிருக்கும்.

வெளியே பெஞ்சில் காத்திருக்கும் மனைவியிடம் டாக்டர் வந்து சொல்வார்: “அம்மா, பம்பிங் ரொம்பக் கம்மியா இருக்கு. பி.பி. நிக்கல. சப்போர்ட் மருந்து போட்டிருக்கோம்.” அவர் தலையாட்டுவார். அந்த மருந்து உள்ளே என்ன செய்கிறது, எதைச் செய்யாது என்று கேட்கும் நிலையில் அப்போது யாரும் இருப்பதில்லை. ஆனால் அடுத்த சில நாட்கள் குடும்பம் எடுக்க வேண்டிய பல முடிவுகள் அந்தப் பதிலைப் பொறுத்தவை.

இந்த மருந்துகளுக்கு மருத்துவத்தில் ஐனோட்ரோப் என்று பெயர். இதயத் தசை சுருங்கும் வலுவைக் கூட்டுபவை. ரத்தக்குழாய்களை இறுக்கி அழுத்தத்தை ஏற்றும் மருந்துகள் வேறு வகை. இரண்டும் பெரும்பாலும் பக்கத்துப் பக்கத்துப் பம்புகளில் ஓடுவதால், எல்லாமே ‘பி.பி. ஏத்துற மருந்து’ என்று பேச்சில் ஒன்றாகிவிடுகின்றன.

நல்ல நிலையில் உள்ள இதயத்தின் இடது கீழறை நிரம்பும்போது சுமார் 120 மில்லி ரத்தம் கொள்ளும். ஒவ்வொரு துடிப்பிலும் அதில் ஏறக்குறைய 70 மில்லியை வெளியே தள்ளிவிடும். எக்கோ ரிப்போர்ட்டில் ஈ.எஃப். என்று எழுதி, பேச்சில் ‘பம்பிங்’ என்று சொல்வது இந்த விகிதத்தைத்தான். 55 சதவீதத்துக்கு மேல் இருந்தால் கவலையில்லை. பெரிய மாரடைப்பில் தசையின் ஒரு பகுதி செத்துப்போனாலோ, வைரஸ் காய்ச்சலுக்குப் பிறகு தசை வீங்கினாலோ இது 20, 25 என்று இறங்கிவிடும்.

எண் இறங்குவது மட்டுமே ஆபத்து அல்ல. பம்பிங் 25 சதவீதத்தோடு வீட்டில் நடமாடுகிறவர்கள் நிறையப் பேர் உண்டு. உடம்புக்குத் தேவையான ரத்தம் போய்ச் சேராதபோதுதான் நிலைமை கைமீறுகிறது. மேல் அழுத்தம் 90-க்குக் கீழே விழுந்து அங்கேயே நிற்கும். கை கால் சில்லிடும், வியர்க்கும், சிறுநீர் குறையும், பேச்சு குழறும். இதை இதய அதிர்ச்சி என்பார்கள். இன்றைய வசதிகள் எல்லாம் இருந்தும் இந்த நிலைக்குப் போகிறவர்களில் பாதிக்குச் சற்றுக் குறைவானவர்கள் இறந்துவிடுகிறார்கள்.

தளர்ந்த தசையை இன்னும் கொஞ்சம் வலுவாகச் சுருங்க வைக்க முடியுமா? இந்தக் கேள்விக்கான விடை லண்டனில், ஒரு குழாய்த் தண்ணீரில் தொடங்கியது.

1880-களின் தொடக்கத்தில் லண்டன் யுனிவர்சிட்டி கல்லூரியில் சிட்னி ரிங்கர் என்ற மருத்துவர் தவளை இதயங்களை உப்புநீரில் துடிக்க வைத்துச் சோதித்துக்கொண்டிருந்தார். வெளியே எடுத்த இதயம் அந்த உப்புநீரில் பல மணி நேரம் துடித்தது. பிறகு ஒரு விஷயம் தெரியவந்தது. அதுவரை பயன்படுத்திய உப்புநீர் காய்ச்சி வடித்த நீரில் கரைத்ததல்ல. லண்டன் குழாய்த் தண்ணீரில் கரைத்தது. வடித்த நீரில் கரைத்துப் பார்த்தபோது இதயம் கொஞ்ச நேரத்தில் நின்றுபோனது. குழாய்த் தண்ணீரில் இருந்து வடித்த நீரில் இல்லாதது எது என்று தேடிய ரிங்கர் கால்சியத்தைக் கண்டுபிடித்தார். முன்பு எழுதியதைத் திருத்தி, 1883-இல் அதை வெளிப்படையாக அச்சிட்டார். நம் மருத்துவமனைகளில் ‘ஆர்.எல். பாட்டில்’ என்று தொங்கவிடும் ரிங்கர் லாக்டேட்டில் இருப்பது அவர் பெயர்தான்.

இதயத் தசை செல்லின் சுருக்கம் முழுக்க முழுக்க கால்சியத்தின் வரவும் போக்கும்தான். மின் தூண்டல் வந்ததும் செல்லின் சுவரில் உள்ள வாயில்கள் திறந்து கொஞ்சம் கால்சியம் உள்ளே நுழைகிறது. அந்தக் கொஞ்சம், செல்லுக்குள்ளேயே ஒரு வலைப்பின்னல் அறையில் சேர்த்து வைத்திருக்கும் பெருமளவு கால்சியத்தை வெளியே வரவைக்கிறது. வெளிவந்த கால்சியம் ட்ரோபோனின் என்ற புரதத்தோடு ஒட்டுகிறது. மாரடைப்பா என்று பார்க்க ரத்தத்தில் சோதிப்பார்களே, அதே ட்ரோபோனின் குடும்பம்தான். கால்சியம் ஒட்டியதும் ட்ரோபோனின் வழிவிட, இரண்டு வகைத் தசையிழைகள் ஒன்றையொன்று பற்றி இழுக்கின்றன. தசை சுருங்குகிறது. அடுத்த கணமே கால்சியத்தைத் திரும்ப அறைக்குள் இறைத்துவிட வேண்டும். இல்லாவிட்டால் தசை விரியாது, விரியாத அறையில் ரத்தம் நிரம்பாது. இத்தனையும் ஒரு விநாடிக்குள். ஒரு நாளில் ஏறக்குறைய ஒரு லட்சம் முறை.

எத்தனை வகை ஐனோட்ரோப் வந்தாலும் பெரும்பாலானவை கைவைக்கும் இடம் இந்தக் கால்சியம்தான். எந்த வழியாகப் போய்க் கைவைக்கின்றன என்பதில்தான் வித்தியாசம்.

உடம்புக்கே சொந்தமான வழி அட்ரினலின். பயத்தில் நெஞ்சு படபடக்க வைப்பது அதுதான். சிறுநீரகத்தின் மேல் உட்கார்ந்திருக்கும் சுரப்பியின் சாறு ரத்த அழுத்தத்தை எகிற வைக்கிறது என்று 1890-களில் ஜார்ஜ் ஆலிவரும் எட்வர்ட் ஷேஃபரும் காட்டினார்கள். அந்தச் சாறு ஓரிடத்தில் ரத்தக்குழாயை இறுக்குவதும் இன்னோரிடத்தில் இதயத்தை விரட்டுவதும் எப்படி என்ற புதிருக்கு 1948-இல் அமெரிக்கர் ரேமண்ட் ஆல்குவிஸ்ட் விடை சொன்னார். செல்களின் மேல் ஆல்ஃபா, பீட்டா என்று இரண்டு வகை ஏற்பிகள் இருக்கின்றன. ரத்தக்குழாயில் ஆல்ஃபா இறுக்குகிறது, இதயத்தில் பீட்டா வலுவூட்டுகிறது. பீட்டா ஏற்பியில் மருந்து ஒட்டியதும் செல்லுக்குள் சைக்ளிக் ஏ.எம்.பி. என்ற சிறு மூலக்கூறு பெருகும். கால்சியம் வாயில்கள் இன்னும் அகலத் திறக்கும். திரும்ப இறைக்கும் வேகமும் கூடும். அந்த மூலக்கூறைக் கண்டுபிடித்த ஏர்ல் சதர்லேண்டுக்கு 1971-இல் நோபல் பரிசு கிடைத்தது.

இந்த அறிவு கையில் வந்த பிறகு மருந்தைச் செதுக்கிச் செய்ய முடிந்தது. அப்போது புழக்கத்தில் இருந்த ஐசோபிரினலின் இதயத்தை வலுவாக்கியது. கூடவே துடிப்பைத் தாறுமாறாக வேகப்படுத்தி, ரத்த அழுத்தத்தையும் கீழே தள்ளியது. எலி லில்லி நிறுவனத்தில் ரொனால்ட் டட்டிலும் ஜாக் மில்ஸும் அந்த மூலக்கூறின் உறுப்புகளை ஒவ்வொன்றாக மாற்றிப் பார்த்தார்கள். வலு கூட வேண்டும், வேகம் அவ்வளவாகக் கூடக் கூடாது. 1975-இல் அவர்கள் அறிவித்தது டோபுடமின். ரத்தத்தில் கலந்த இரண்டே நிமிடத்தில் அதன் அளவு பாதியாகிவிடும். அளவைக் கூட்டினால் சில நிமிடங்களில் பலன் தெரியும், குறைத்தால் சில நிமிடங்களில் மறையும். ஆபத்தான நோயாளிக்கு இது பெரிய வசதி. சிரிஞ்ச் காலியாகி அடுத்ததை மாட்டுவதற்குள் அழுத்தம் சரிந்துவிடலாம் என்பதும் இதனால்தான். முதல் சிரிஞ்ச் முடிவதற்கு முன்பே அனுபவமுள்ள நர்ஸ் இரண்டாவதை ரொப்பி, சீட்டு ஒட்டி, தயாராக வைத்திருப்பார். அந்த வார்டில் உயிரைக் காப்பதில் அவர் பங்கு மருந்தின் பங்குக்குக் குறைந்ததல்ல.

மில்ரினோன் இன்னொரு பக்கமாக வருகிறது. சைக்ளிக் ஏ.எம்.பி.யைச் சிதைக்கும் நொதியை அது தடுத்துவிடும். ஏற்பியைத் தொட வேண்டிய அவசியமே இல்லை. நாள்பட்ட இதயச் செயலிழப்பில் பீட்டா ஏற்பிகளே குறைந்துபோயிருக்கும் என்று 1982-இல் மைக்கேல் பிரிஸ்டோ குழுவினர் காட்டியிருந்தார்கள். அப்படிப்பட்டவர்களுக்கும், ஏற்கனவே பீட்டா தடுப்பு மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கும் இது பயன்படும். ரத்தக்குழாய்களைத் தளர்த்துவதால் அழுத்தம் இறங்கலாம். சிறுநீரகம் வழியாக வெளியேறுவதால், சிறுநீரகம் கெட்டவர்களிடம் மருந்து தேங்கும். பின்லாந்தின் ஓரியன் நிறுவனம் கொண்டுவந்த லெவோசிமெண்டான் கால்சியத்தின் அளவைக் கூட்டுவதே இல்லை. இருக்கும் கால்சியத்துக்கே ட்ரோபோனின் கூடுதலாக மசியும்படி செய்கிறது. 24 மணி நேரம் ஏற்றினால் அதன் வழிப்பொருள் ஒரு வாரம் வரை வேலை செய்யும். இந்தியாவில் கிடைக்கிறது, அமெரிக்காவில் அனுமதி இல்லை.

எல்லாவற்றுக்கும் மூத்தது ஒரு செடி. இங்கிலாந்தின் ஷ்ராப்ஷயர் பகுதியில் உடம்பு முழுக்க நீர் கோத்து ஊதிப்போனவர்களுக்கு ஒரு மூதாட்டி கொடுத்துவந்த கைமருந்தைப் பற்றி 1775-இல் வில்லியம் விதரிங் என்ற மருத்துவர் கேள்விப்பட்டார். இருபதுக்கும் மேற்பட்ட மூலிகைகள் சேர்ந்த மருந்து அது. அதில் வேலை செய்வது டிஜிட்டாலிஸ் செடிதான் என்று கண்டு, பத்து ஆண்டு நோயாளிகளிடம் கொடுத்துப் பார்த்து, 1785-இல் புத்தகமாக எழுதினார். எந்த அளவுக்கு மேல் வாந்தி வரும், பார்வை மஞ்சளாகும், நாடி மிகவும் மெதுவாகும் என்பதையும் மறைக்காமல் எழுதியதால்தான் அந்தப் புத்தகத்துக்கு இன்றைக்கும் மதிப்பு. அதே குடும்பச் செடி ஒன்றிலிருந்து 1930-இல் பிரித்தெடுத்த டிஜாக்சின் இன்றும் மாத்திரையாக விற்கிறது.

டிஜாக்சின் அடைப்பது, செல்லிலிருந்து சோடியத்தை வெளியே இறைத்துப் பொட்டாசியத்தை உள்ளே எடுக்கும் பம்பை. டென்மார்க்கின் யென்ஸ் ஸ்கோ 1957-இல் நண்டின் நரம்பில் அந்தப் பம்பைக் கண்டுபிடித்து, நாற்பது ஆண்டு கழித்து நோபல் பரிசு பெற்றார். பம்ப் அடைபட்டால் உள்ளே சோடியம் தேங்கும். சோடியம் தேங்கினால் கால்சியம் வெளியேறுவது குறையும். தசை வலுவாகச் சுருங்கும். சிகிச்சை அளவுக்கும் நஞ்சின் அளவுக்கும் இடைவெளி மிகக் குறுகல்.

தமிழர்களுக்கு இந்தப் பம்ப் அந்நியமானதல்ல. வேலியோரங்களில் பூக்கும் மஞ்சள் அரளி, யாழ்ப்பாணத்தில் அலரி, இதே பம்பை அடைக்கும் நஞ்சைக் கொண்டது. இலங்கையிலும் தமிழ்நாட்டிலும் அரளி நஞ்சோடு வந்தவர்களைப் பார்த்த அவசரப் பிரிவு மருத்துவர்களுக்கு, ஈ.சி.ஜி.யில் தெரிவது அளவு மீறிய டிஜாக்சினின் அதே சாயல்தான். டிஜாக்சினுக்காக உருவாக்கிய முறிமருந்து அரளி நஞ்சால் வரும் துடிப்புக் கோளாறையும் சரிசெய்கிறது என்று கொழும்பில் நடந்த ஆய்வு 2000-இல் வெளியானது. ஒரு குழந்தை தெரியாமல் அரளியை வாயில் வைத்திருந்தாலும் வீட்டு வைத்தியம் பார்க்காமல் உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும் என்பதற்கு இதுவே காரணம்.

இத்தனை வழி தெரிந்த பிறகு மருத்துவர்களுக்கு ஒரு நியாயமான ஆசை வந்தது. ஊசியில் சில நாள் கொடுத்தால் நோயாளி எழுந்து உட்காருகிறார். அதையே மாத்திரையாக மாதக்கணக்கில் கொடுத்தால்? மில்ரினோன் மாத்திரையை வைத்து, கடுமையான இதயச் செயலிழப்பு உள்ள 1,088 பேரிடம் ஒரு பெரிய ஆய்வு நடந்தது. மில்டன் பேக்கர் குழுவினர் 1991-இல் முடிவை வெளியிட்டார்கள். வெற்று மாத்திரை சாப்பிட்டவர்களைவிட மில்ரினோன் சாப்பிட்டவர்களிடம் இறப்பு 28 சதவீதம் அதிகம். ஆய்வைப் பாதியிலேயே நிறுத்த வேண்டியதாயிற்று. வலுவாகத் துடித்த இதயங்கள் சீக்கிரம் நின்றுபோயின.

ஏன் என்பது இப்போது புரிகிறது. இந்த மருந்துகள் தசைக்குச் சோறு போடுவதில்லை. இருப்பதைச் செலவழிக்க வைக்கின்றன. அவசரத்துக்கு வாங்கும் மீட்டர் வட்டிக் கடன் மாதிரி: இன்றைய செலவுக்குக் கைகொடுக்கும், மாதக்கணக்கில் ஓடவிட்டால் குடும்பத்தையே விழுங்கிவிடும். கூடுதல் வலுவுக்குக் கூடுதல் ஆக்சிஜன் வேண்டும். ஏற்கனவே அடைபட்ட குழாய் அதைத் தராது. செல்லில் கால்சியம் நிரம்பி வழிந்தால் மின்னோட்டம் குழம்பி, துடிப்பு தறிகெட்டுப் போகும். நீண்ட நாள் தூண்டலில் தசை செல்களே மடியத் தொடங்கும்.

ஸ்வீடனின் கோதன்பர்க் நகரில் ஃபின் வாக்ஸ்டைன் இதை வேறு முனையிலிருந்து நெருங்கியிருந்தார். தளர்ந்த இதயத்துக்குப் பீட்டா தடுப்பு மருந்து கொடுப்பது கொலைக்குச் சமம் என்று பாடப்புத்தகங்கள் எச்சரித்த காலம் அது. அவரும் சகாக்களும் இதயத் தசை நோயுள்ள ஏழே ஏழு பேருக்கு அதைக் கொடுத்து, அவர்கள் தேறியதை 1975-இல் எழுதினார்கள். பெரும்பாலானோர் நம்பவில்லை. நம்ப வைக்க கால் நூற்றாண்டு ஆனது. 1999-இல் பைசோப்ரோலால் என்ற பீட்டா தடுப்பு மருந்தை வைத்து 2,647 பேரிடம் நடந்த ஆய்வில் இறப்பு 34 சதவீதம் குறைந்தது. தளர்ந்த இதயம் கேட்டது சாட்டையை அல்ல, ஓய்வை. இதய மருத்துவத்தில் இவ்வளவு முழுமையாகத் தலைகீழாகிய கருத்து வேறு இருக்குமா என்பது சந்தேகம்.

அப்படியானால் சிரிஞ்ச் பம்பை ஏன் இன்னும் மாட்டுகிறார்கள்? அடுத்த ஒரு மணி நேரத்தில் சிறுநீரகமும் மூளையும் கெட்டுவிடும் என்ற நிலையில் ஓய்வுக்கு இடமில்லை என்பதால்தான். அப்போது வேண்டியது அவகாசம். மாரடைப்பு என்றால், அடைப்பை நீக்கி ஸ்டென்ட் வைக்கும்வரை. உண்மையில் உயிரைக் காப்பது அந்த ஸ்டென்ட்டோ பைபாஸோதான். இதய அதிர்ச்சியில் அடைப்பைச் சீக்கிரம் நீக்கினால் ஆறு மாதம் கழித்து அதிகம் பேர் உயிரோடு இருக்கிறார்கள் என்று 1999-இல் வந்த ஆய்வு காட்டியது. வைரஸ் தாக்கிய தசை என்றால், வீக்கம் வடியும்வரை. திறந்த இதய அறுவை என்றால், மரத்துப்போன தசை விழித்துக்கொள்ளும்வரை. மாற்று இதயத்துக்குப் பெயர் பதிந்தவர் என்றால், கொடையாளி கிடைக்கும்வரை.

எந்த ஐனோட்ரோப் சிறந்தது என்ற கேள்விக்குத் தெளிவான விடை கிடைத்ததில்லை. லெவோசிமெண்டானும் டோபுடமினும் 1,327 பேரிடம் மோதிய 2007 ஆய்வில் ஆறு மாத இறப்பில் வித்தியாசம் இல்லை. கனடாவின் ஒட்டாவாவில் 192 பேரிடம் மில்ரினோனையும் டோபுடமினையும் ஒப்பிட்ட 2021 ஆய்விலும் அதே கதை. ஒரு காலத்தில் எல்லா வார்டுகளிலும் முதலில் ஓடிய டோபமின் மட்டும் பின்வாங்கிவிட்டது. 1,679 பேரிடம் நடந்து 2010-இல் வெளியான ஆய்வில், ரத்தக்குழாயை இறுக்கும் நார் அட்ரினலினைவிட அது துடிப்புக் கோளாறுகளை இரண்டு மடங்கு உண்டாக்கியது. மருந்தை விட்டு இயந்திரத்துக்குப் போவோம் என்ற முயற்சியும் எளிதாக இல்லை. பல ஆண்டுகள் நம்பியிருந்த பலூன் பம்ப் 2012-இல் 600 பேரிடம் நடந்த சோதனையில் இறப்பைக் குறைக்கவில்லை. இதயத்துக்குள் குழாய் வழியாகச் செலுத்தும் சின்னஞ்சிறு பம்ப் ஒன்று, தேர்ந்தெடுத்த மாரடைப்பு நோயாளிகளிடம் இறப்பைக் குறைத்ததாக 2024-இல் டென்மார்க், ஜெர்மனி ஆய்வாளர்கள் அறிவித்தார்கள். கூடவே ரத்தக் கசிவும் மற்றச் சிக்கல்களும் கூடின. அதன் விலை நம் ஊர்ப் பெரும்பாலான குடும்பங்களுக்கு எட்டாதது. எனவே மலிவான டோபுடமின்தான் இன்னும் பல காலம் இங்கே முதலில் ஓடும்.

வெளியே காத்திருப்பவர்கள் பம்பின் எண்ணைவிட வேறு சிலவற்றைக் கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது. மருந்தின் அளவு நேற்றைவிட ஏறியிருக்கிறதா, இறங்கியிருக்கிறதா? சிறுநீர் எவ்வளவு வந்தது? ரத்தத்தில் லாக்டேட் 2-க்குக் கீழே வந்ததா? பாதங்கள் கதகதப்பாக இருக்கின்றனவா? எல்லாவற்றுக்கும் மேலாக: இந்த மருந்தை எதுவரைக்கும் ஓட்டுகிறோம்? ஸ்டென்ட், அறுவை, மாற்று இதயம் என்று எதுவும் சாத்தியமில்லாத நோயாளிகளும் உண்டு. சில நாடுகளில் அவர்களுக்குச் சிறு பம்போடு டோபுடமினையோ மில்ரினோனையோ மாட்டி வீட்டுக்கே அனுப்புகிறார்கள். நாள் கூடும் என்பதற்காக அல்ல. மூச்சுத் திணறாமல் தன் வீட்டில் இருக்கட்டும் என்பதற்காக. அந்த நோக்கத்தைக் குடும்பத்திடம் உடைத்துச் சொல்வது மருத்துவரின் கடமை. சொல்லாமல் விட்டால் குடும்பம் பம்பையே சிகிச்சை என்று நம்பிக் கடனில் மூழ்கும்.

தேறுகிறவர்களுக்கு மருந்தை ஒரேயடியாக நிறுத்த மாட்டார்கள். ஐந்திலிருந்து நான்கு, நான்கிலிருந்து மூன்று என்று சில மணி நேர இடைவெளி விட்டு இறக்கி, அழுத்தமும் சிறுநீரும் தாங்குகின்றனவா என்று பார்ப்பார்கள். முழுவதும் நின்று, நுரையீரலில் கோத்த நீர் வடிந்து, நோயாளி எழுந்து நடக்கத் தொடங்கிய பிறகு கையில் தரும் மாத்திரைகளில் ஒன்று பைசோப்ரோலால் 1.25 மில்லிகிராம், அல்லது கார்வெடிலால் 3.125 மில்லிகிராம். சில நாட்களுக்கு முன்பு டோபுடமின் தட்டி எழுப்பிய அதே பீட்டா ஏற்பிகளை இவை மூடிவைக்கும். இரண்டு வாரத்துக்கு ஒரு முறை டாக்டர் அளவை மெல்ல ஏற்றுவார். முதல் வாரங்களில் கொஞ்சம் அசதி தட்டும்; அதற்காகத் தானாக நிறுத்திவிடக் கூடாது. மூன்று நாளில் இரண்டு கிலோ எடை ஏறினாலோ, படுத்தால் மூச்சு முட்டினாலோ, அடுத்த செக்கப் தேதிக்குக் காத்திருக்காமல் போய்விட வேண்டும்.